ஒருநாள் தாள்

காலை ஆறு மணிக்கெல்லாம் நேற்றைய தாள்கள் ஓரம் சுருளத் தொடங்கிவிடும். அதற்குள் புதுத் தாளை மேலே விரித்து, கீழே தெரியும் சிறுமியைக் கோடு பிசகாமல் படியெடுத்துவிட வேண்டும். நொடிக்குப் பன்னிரண்டு வீதம் எட்டு நொடி ஓடும் படத்துக்குத் தொண்ணூற்றாறு தாள். பாழாய்ப்போன இந்த மறுவரைவை ஆறு வருடமாகச் செய்கிறேன்.

சூரியப் புயலுக்குப் பிறகு எந்த இயந்திரத்திலும் படம் தங்குவதில்லை. மரம் வெட்டத் தடை. மிஞ்சியது கடற்பாசித் தாள்தான். அதுவும் முப்பது மணி நேரத்தில் கூழாகிவிடும். இன்று வரையாதது நாளை இல்லை. தூத்துக்குடியில் எங்களைப் போல நாற்பது பேர் இருக்கிறோம். எல்லோருக்கும் மணிக்கட்டு வலி.

என் தாள்களில் இருப்பவள் அமலி. துறைமுகத்தில் கிரேன் ஓட்டும் சேவியரின் மகள். ஏழு வயதில் காய்ச்சலில் போய்விட்டாள். படத்தில் ஓடி வந்து, திரும்பி, முன்பல் விழுந்த வாயோடு சிரிப்பாள். வெள்ளிதோறும் வந்து பார்ப்பார் சேவியர்.

ஒரு நாளைக்குக் கோடு மயிரிழைதான் நகரும். ஆறு வருடத்தில் கன்னம் வற்றிக் கழுத்து நீண்டுவிட்டது. போன தை மாதம் பார்த்தால், அந்த முன்பல் ஓட்டையே அடைந்து பல் முளைத்திருக்கிறது! திருத்தலாமென்றால் பழைய முகம் எனக்கே நினைவில்லை. பார்த்து வரைய அவர் வீட்டிலும் ஒரு படம் கிடையாது. உண்மையைச் சொன்னால் அந்த மனுஷனுக்கு மகள் இன்னொரு முறை செத்துப்போவாள். சொல்லாமல் வரையவும் மனம் கூசியது. இந்த வெள்ளி சொல்லிவிட்டு, வேலையையும் விட்டுவிடுவது என்று முடிவெடுத்தேன்.

சேவியர் வந்து உட்கார்ந்தார். தாள்களை வரிசையாகப் புரட்டி ஓடவைக்கும் தாள்சுழலியின் கைப்பிடியைச் சுற்றினேன். அமலி ஓடி வந்து சிரித்தாள்.

"அண்ணாச்சி, இது உங்க பிள்ளை இல்ல. எங் கை அவள மாத்திட்டு. மன்னிச்சிருங்க."

அவர் சுழலியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"தெரியும்க்கா. பல்லு மொளச்சப்பவே தெரியும்."

"அடப்பாவமே! அப்பவே என்னைய ஏசியிருக்கலாம்லா?"

"எதுக்கு ஏச? அன்னைக்கு வீட்டுல பாயாசம் வச்சோம்."

கைப்பிடியை விட்டுவிட்டேன். திரும்பிப் பாதியில் நின்றாள் அமலி.

"வர்ற மாசம் பதிமூணு ஆகுது. பாவாடை குட்டையாத் தெரியுது, பாத்தீயளா?" என்றார். "கொஞ்சம் இறக்கிப் போடுங்கக்கா."

வேலையை விடப்போவதைச் சொல்ல வாய் வரவில்லை. எத்தனை வயது வரை வளர்ப்பது என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. அவர் போன பிறகு புதுத் தாள் ஒன்றை விரித்து, முழங்காலுக்குக் கீழே இரண்டு விரற்கடை தள்ளிப் புள்ளி வைத்தேன். இன்னும் தொண்ணூற்றைந்து இருந்தன.