பொழுதுக்களி

ஆஸ்பெஸ்டாஸ் கூரையின் நிழல் வாசல் சிமெண்டில் இருந்த விரிசலைத் தாண்டவே இல்லை. தமிழரசன் களித் துடுப்பைப் பிடித்தபோதும் அங்கேதான் கிடந்தது. இரண்டு தோள்பட்டையும் கழன்று விழுவதுபோல் வலிக்கிற இப்போதும் அங்கேதான் கிடந்தது. பக்கத்து வீட்டுக் குக்கர் மூன்றாவது விசிலைத் தொடங்கி, இன்னும் அதையே ஊதிக்கொண்டிருந்தது; ஊசி மாதிரி மெல்லிய ஒரே சத்தம், காதுக்குள் ஏறி இறங்காமல் நின்றது. சுவர்க் கடிகாரத்தில் மணி பதினொன்று நாற்பது. பேட்டரி போயிருக்கும் என்று இடது கையால் போனை எடுத்துப் பார்த்தான். அதிலும் பதினொன்று நாற்பது. வீட்டுக்குள் டவர் கிடையாது, அதனால் மாட்டிக்கொண்டிருக்கும் என்று எரிச்சலோடு சட்டைப் பைக்குள் திணித்தான்.

உள்ளறையில் அவன் மனைவி ரூபாவுக்கு ஏழாம் மாத வளைகாப்பு. கை நிறைய இறுக்கமாக ஏற்றிய கண்ணாடி வளையல்களோடு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். ராகியை அரைத்துப் பிழிந்த பாலில் வெல்லமும் தேங்காய்ப்பாலும் சேர்த்து, சுருண்டு வருகிறவரை குழந்தையின் அப்பன் ஒருவனே கிண்ட வேண்டும் என்பது மாமியார் வீட்டு வழக்கம். பொழுதுக்களி என்று அதற்குப் பெயர். முன்னறைத் தரையில் செங்கல் வைத்து மூட்டிய அடுப்பில் அது இன்னும் தண்ணீராகவே சுழன்றது. புகை கண்ணைக் கரித்தது. ஆறு வருடம் கம்பெனி அசெம்பிளி லைனில் காண்ட்ராக்டில் ஸ்க்ரூ முடுக்கியவன். இன்றைக்கு இரண்டு மணிக்குள் கையெழுத்துப் போட்டால் பெர்மனெண்ட். பிறக்கப்போகிற பிள்ளைக்காகத்தான் அதுவும். கம்பெனி பஸ் பன்னிரண்டரைக்கு.

"அத்தே, இன்னும் எவ்ளோ நேரம்? பஸ்சு போயிடும்."

மாமியார் சாந்தம்மா இலைக்கட்டோடு எட்டிப் பார்த்தாள். "லைன்ல எட்டு மணி நேரம் நிக்கறீங்க, ஒரு அடுப்புகிட்ட நிக்க முடியலியா மாப்ளே? அப்பன் கிண்டுற வரைக்கும் பொழுது நிக்கும். வேற கை பட்டா அது பாட்டுக்கு ஓடிடும், களியும் இறுகாது. துடுப்ப மட்டும் நிறுத்திடாதீங்க. அது நின்னா வயித்துல இருக்கறதும் நின்னுடும்."

"பொழுது நின்னா கம்பெனி பஸ்சும் நிக்குமா?"

"அத உங்க மேனேஜரத்தான் கேக்கணும்." சிரித்துக்கொண்டே உள்ளே போய்விட்டாள்.

அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. கிண்டினான். நிழல் அசையவில்லை. குக்கர் நிற்கவில்லை. எத்தனை நேரமாகப் பசிக்கிறது என்று அவனால் சொல்ல முடியவில்லை.

விமல்ராஜ் அதே லைனில் அடுத்த ஸ்டேஷன்காரன். விருந்துக்கு வந்தவன், பக்கத்தில் வந்து குனிந்தான். "என்னா மச்சி, மூஞ்சி இப்படித் தொங்குது? நாந்தான் ரிலீவர். முக்குல போயி சூப்பர்வைசருக்குப் போன் போட்டுட்டு வா. ரெண்டு நிமிசம்."

லைனில் ஒருவன் ஒன்றுக்குப் போக வேண்டுமென்றால் அப்படித்தான். ரிலீவர் கை கீழே நுழையும், இவன் கை மேலே நழுவும், வேலை ஒரு நொடி நிற்காது. ஆறு வருடப் பழக்கம். தமிழரசன், மாமியார் போன பக்கம் பார்த்துவிட்டு, கையை நழுவவிட்டான். துடுப்பு நிற்கவே இல்லை. அது போதும் என்று நினைத்தான்.

குக்கர் விசில் சட்டென்று முடிந்தது. நிழல் விரிசலைத் தாண்டியது. அப்பாடா என்றிருந்தது அவனுக்கு.

தெருமுக்கில் டவர் கிடைத்தது. ராயக்கோட்டைப் பக்கமிருந்து தக்காளி ஏற்றிய டெம்போ ஒன்று ஆரனடித்துக்கொண்டு போனது.

"எங்கய்யா இருக்க?" சூப்பர்வைசர் பரமசிவம் கத்தினார். "ரெண்டு மணிக்குள்ள கையெழுத்துப் போடலேன்னா உன் இடத்துல வேற ஆளு."

"வந்துடறேன் சார். வீட்ல சொல்லிட்டு..."

"ஒரு நிமிசம் லைன்லயே இரு. லிஸ்ட்ட பாத்துச் சொல்றேன்."

போனைக் காதில் வைத்தபடியே திரும்பி நடந்தான். ராகி தீய்ந்த வாடை தெருவிலேயே வந்தது. எரிச்சல் தலைக்கேறியது. பாவி, அடிப்பிடிக்க விட்டுட்டானே.

வாசல் சிமெண்ட் முழுக்க விரிசல். அதில் புல்.

கதவுக் கீல் துருவேறியிருந்தது. தள்ளினான். கிரீச்சென்றது.

சுவரில் சாந்தம்மா. போட்டோவில். காய்ந்த மாலை.

அடுப்போரம் பாயில் ஒரு கிழவன் படுத்திருந்தான். வெளுத்த கம்பெனி சட்டை. கண் மூடியிருந்தது. வலது கை மட்டும் காற்றில் வட்டம் போட்டுக்கொண்டிருந்தது. சட்டைப் பையில் விமல்ராஜ் என்று நூலில் தைத்த பெயர்.

அடுப்பின் முன்னால் ஒருவன் குனிந்து கிண்டிக்கொண்டிருந்தான். தமிழரசன் வயதுதான். உச்சந்தலையில் தமிழரசனுக்கு இருக்கிற அதே இரட்டைச் சுழி. துடுப்பு தேய்ந்து ஒரு சாண் கட்டையாகியிருந்தது. விரலுக்கும் கட்டைக்கும் நடுவே கோடு தெரியவில்லை. பாத்திரத்தில் களி தண்ணீராகவே சுழன்றது.

"ரிலீவர் வந்தாச்சா?" அவன் திரும்பாமல் கேட்டான்.

உள்ளறையில் வளையல் சத்தம். நாற்காலியில் நரைத்த தலை. மணிக்கட்டில் இறுகியிருந்த வளையல்கள் முழங்கை வரை வழுக்கி ஓடின.

"வந்துட்டீங்களா?" ரூபாவின் குரல். "நிறுத்துனா நின்னுடுவான்னு அம்மா சொல்லுச்சே. விமலண்ணன் கை ஓஞ்சு போச்சு. அதான் இவன் கையில குடுத்தேன். நிறுத்தவே விடல."

"ஹலோ," என்றது போன். "உன் பேரு இருக்குய்யா. வா." திரையில் பதினொன்று நாற்பத்து நான்கு.

தமிழரசன் தரையைப் பார்த்தான்.

கிண்டுகிறவன் நின்ற இடத்தில், சிமெண்ட் தேய்ந்து, பாத வடிவில் இரண்டு குழி. அதற்கு முன்னால், அடுப்புக்குக் கொஞ்சம் கிட்டே, இன்னும் இரண்டு. சின்னது. அதற்கும் முன்னால் இரண்டு. அதைவிடச் சின்னது.

அடுப்பை ஒட்டிக் கடைசியாக இரண்டு இருந்தன. ஆழமில்லாமல். எலுமிச்சம்பழ அளவில். வட்டமாக.

அவை பாதங்கள் இல்லை. முட்டிகள்.