வெட்டப்பட்ட ஓரம்

காலை ஒன்பதேகால். ஓவியம் சட்டத்துக்குள் கோணலாகச் சரிந்திருந்ததால்தான் காட்சிக்கூட உரிமையாளரின் கண்ணில் பட்டது. கழற்றிப் பார்த்தவர் பதறிப்போனார். சட்டத்தின் அட்டை விளிம்புக்குள் மறைந்திருந்த அடிப்பகுதியை, இரண்டு விரல் அகலத்துக்கு யாரோ வெட்டி எடுத்திருந்தார்கள்.

ஈர மேடையில் ஒற்றை நாற்காலி. அந்த ஓவியத்தை அட்டையில் தாங்கி வந்த இசைத்தட்டு இல்லாத வீடே அந்தக் காலத்தில் இல்லை. வரைந்தவருக்கு இப்போது வயது அறுபத்திரண்டு. அவருடைய ஐம்பது அட்டைப்படங்களின் கண்காட்சி மாலை ஆறு மணிக்குத் திறப்பதாக இருந்தது.

பத்து மணிக்கு இன்ஸ்பெக்டர் வந்தார். அதிகம் பேசாத பெண்மணி.

"இவ்வளவு விலை போற படத்தை விட்டுட்டு, ஓரத்தை எவன் திருடுவான்?" என்றார்.

"கூடத்துச் சாவி எங்கிட்ட, ஓவியர்கிட்ட, இசைத்தட்டுக் கம்பெனி மேனேஜர்கிட்ட மட்டும்தான் இருக்கு," என்றார் உரிமையாளர். "இன்னைக்கு மதியம் புத்தகத்துக்காக எல்லாப் படத்தையும் சட்டத்துலேருந்து கழட்டி போட்டோ எடுக்கப்போறோம். நேத்து சாயங்காலம்தான் ரெண்டு பேருக்கும் சொன்னேன்."

மேனேஜர் எரிந்து விழுந்தார். "முப்பது வருஷமா எங்க கிடங்குல இருந்த படம் மேடம். போன வாரம்தான் இங்க வந்துச்சு. எங்க பொருளை நான் ஏன் வெட்டணும்?"

ஓவியர் கையை விரித்தார். "விடுங்கம்மா. வெத்து ஓரம். புகாரெல்லாம் எதுக்கு?"

இன்ஸ்பெக்டர் சுவரோரமாக ஒவ்வொரு படத்தையும் பார்த்துக்கொண்டே நடந்தார். எல்லாவற்றிலும் வலது மூலையில் ஓவியரின் சுருட்டைக் கையெழுத்து. நாற்காலி ஓவியத்தில் மட்டும் இல்லை.

"இதுல ஏன் சார் கையெழுத்து இல்ல?"

"அப்போ நான் புதுசு. கம்பெனி விடல."

பதினொன்றே முக்கால். மூவரையும் இன்ஸ்பெக்டர் கூடத்துக்கு அழைத்தார்.

"அளவுகோல் வெச்சு, ஓவியத்துல ஒரு கீறல் விழாம வெட்டியிருக்கு. கோவத்துல வெட்டின கை இல்ல. படத்தோட அருமை தெரிஞ்ச கை. கதவுக்குப் பக்கத்துல இருக்கற படம் நாற்காலிக்கு ஒரு வருஷம் முந்தினது. கீழே வருஷம் போட்டிருக்கு. அதே கம்பெனிக்கு வரைஞ்சதுதான். அதுலயே உங்க கையெழுத்து இருக்கே சார்? கம்பெனி விடலைன்னு ஏன் சொன்னீங்க?"

ஓவியர் கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"நாற்காலியில வேற யாரோ ஏற்கெனவே கையெழுத்துப் போட்டிருந்தாங்க. மதியம் கழட்டினா ஊரே பார்த்திருக்கும். இந்தக் கை அந்தத் துண்டையும் கிழிச்சுப் போட்டிருக்காது. குடுங்க."

ஓவியர் சட்டைப் பையிலிருந்து துண்டை எடுத்து நீட்டினார். பென்சிலில் ஒரு பெண்ணின் பெயர், தேதி.

"எங்க அக்கா," என்றார். "நான் வரைஞ்ச முதல் மூணு அட்டையும் எடுபடல. கம்பெனியில, கடைசியா ஒண்ணு பார்ப்போம்னாங்க. எனக்குக் கையே ஓடல. அக்கா வரைஞ்சது மேஜை மேல கிடந்துச்சு. பேரை அட்டை விளிம்புல மறைச்சுக் குடுத்துட்டேன்."

மேனேஜர் தொண்டையைச் செருமினார். "மேடம், கம்பெனி சார்பா புகார் இல்ல. அந்தத் துண்டு தொலைஞ்சதாவே இருக்கட்டும்." உரிமையாளரும் தலையாட்டினார். அழைப்பிதழ் எல்லோருக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது.

இரண்டு மணிக்கு இன்ஸ்பெக்டர் அக்காவின் வீட்டில் இருந்தார். அக்கா அந்தத் துண்டைக் கையில் வாங்கவில்லை.

"இசைத்தட்டுக் கடைக் கண்ணாடியிலதான் என் படத்தை முதல்ல பார்த்தேன். வீட்டுக்கு வந்து சொல்லுவான்னு வாசலைப் பார்த்துட்டே இருந்தேன். வந்தான். 'அக்கா, என் படம் வந்திருக்கு'ன்னு இனிப்பு குடுத்தான். வாங்கிச் சாப்பிட்டேன். அதுக்கப்புறம் பிரஷ்ஷைத் தொடவே தோணல."

"நீங்க புகார் குடுக்கலாம்மா."

"குடுத்தா என்ன வரும்? வரையாமப் போன படமெல்லாம் வருமா?" சற்று நிறுத்திக் கேட்டார்: "அது பெரிசாத் தெரியற மாதிரி மாட்டியிருக்காங்களா?"

ஆறரை மணிக்குக் கூடம் நிரம்பி வழிந்தது. தம்பியின் கழுத்தில் மாலை. அக்காவைப் பார்த்ததும் அவர் பார்வையைத் திருப்பிக்கொண்டார். அக்கா நேராக நாற்காலியின் முன்னால் போய் நின்றார். பின்னாலிருந்து ஓர் இளம்பெண் கைப்பேசியை உயர்த்தினாள்.

"ஆன்ட்டி, கொஞ்சம் தள்ளிக்கறீங்களா? படத்தை மறைக்கறீங்க."

அக்கா தள்ளி நின்றுகொண்டார்.