மழையில் பிடித்து வந்த நாதஸ்வரம்

"பாஸ், மணி மூணு! ரெண்டு மணிக்குதானே வரச் சொன்னேன்?"

பிரிக்ஃபீல்ட்ஸ் கடைத்தெரு மழையில் நனைந்தபடியே லோகேஸ்வரி கத்தினாள். கடை வாசலில் ஒதுங்கி நின்றவன், நாதஸ்வர உறையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு விழித்தான்.

"இல்லங்க... நான் வந்து..."

"கதை அப்புறம் பேசலாம் லா. மேல ஸ்டூடியோவுக்கு ஏறுங்க!"

ஆறு வருடம் விளம்பரங்களுக்கு இசை போட்டவளுக்கு இது முதல் படம். ஐந்து மணிக்கு இயக்குநர் கிளைமாக்ஸ் இசையைக் கேட்க வருகிறார். பிடிக்காவிட்டால் வேறு ஆள் என்று நேற்றே சொல்லிவிட்டார். ஃபோனில் மட்டுமே பேசியிருந்த நாதஸ்வரக்காரரோ இப்போதுதான் கண்ணில் பட்டிருக்கிறார்!

மாடிப்படியில் "சீக்கிரம்!" என்று திரும்பியவள் ஒரு கணம் நின்றாள். அவன் இமையில் மழைத்துளி... அதற்குக் கீழே சிரிப்பை அடக்கும் கண்கள். 'இவ்வளவு அழகான கண்ணை வெச்சுக்கிட்டு எதுக்கு லேட்டா வரணும்?'

ஒலிப்பதிவு அறையில் ஹெட்போன் மாட்டி வாசிக்கத் தொடங்கியவன் பாதியில் நிறுத்தினான்.

"காதுக்குள்ள டிக் டிக்னு மரங்கொத்தி கொத்துது. மூச்சு எடுக்க விடமாட்டேங்குது."

"தாளம் தப்பாம இருக்கத்தான் அது. எல்லாரும் அதுக்குத்தான் வாசிக்கிறாங்க."

"அப்ப அந்த எல்லாரையும் கூப்பிடுங்க." எழுந்தே விட்டான்!

அந்த நேரம் பார்த்து அவள் ஃபோன் அலறியது.

"தங்கச்சி, ஜெயராஜ் பேசுறேன். கிள்ளான்லயே ஜாம்ல மாட்டிக்கிட்டேன். நாதஸ்வரத்துக்கு வேற ஆளப் பாரும்மா..."

லோகேஸ்வரி ஃபோனை வைத்துவிட்டு எதிரே நின்றவனை ஏற இறங்கப் பார்த்தாள். "அப்ப... நீங்க யாரு?"

"கார்த்திகேசு. போர்ட் கிள்ளான் துறைமுகத்துல சரக்கு தூக்குற ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுறேன், வெள்ளிக்கிழமை கோயில்ல வாசிப்பேன். மழைக்கு ஒதுங்கினேன்... நீங்க புடிச்சிட்டு வந்துட்டீங்க."

கெஞ்சுவதா? நானா? கடிகாரத்தைப் பார்த்தாள். மூன்றே முக்கால்!

"சாரி... நிஜமாவே சாரி. வாசிப்பீங்களா? உங்க மூச்சுக்கே வாசிங்க. முன்னமே பதிவு பண்ணி வெச்ச வயலினை எல்லாம் உங்களுக்கு ஏத்த மாதிரி நான் நகர்த்திக்கிறேன்."

டிக் டிக்கை அணைத்தாள். எதிரே தரையில் அமர்ந்து, திரையில் ஓடும் காட்சிக்குத் தொடையில் தாளம் போட்டாள். அவன் முதலில் அவள் கையைப் பார்த்து வாசித்தான்... பிறகு கண்ணைப் பார்த்து... அந்தக் கடைசி நீண்ட ஸ்வரத்தில், மூச்சு அவனுடையதா தன்னுடையதா என்று அவளுக்கே தெரியவில்லை.

ஐந்து மணிக்கு வந்த இயக்குநர் கேட்டு முடித்து, கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இதுல கை வெக்காத. இப்படியே இருக்கட்டும்."

அவர் போனதும் அறையில் இருவர் மட்டும்.

"நான் கூப்பிட்ட ஆள் நீங்க இல்லன்னு முதல்லயே சொல்லியிருக்கலாமே?"

"சொல்லத்தான் வந்தேன்... படியில திரும்பிப் பாத்தீங்க. சொன்னா கீழ அனுப்பிடுவீங்களேன்னு பயமாயிருச்சு. அந்தக் கண்ண விட்டுட்டுப் போக மனசு வரல." உறையின் கயிற்றை முடிச்சுப் போட்டு, அவிழ்த்து, மறுபடியும் முடிச்சுப் போட்டான். "தப்பா?"

"பெரிய தப்பு."

அவன் முகம் வாடுவதைப் பார்க்கப் பொறுக்காமல், கன்னம் சிவக்கச் சிரித்துவிட்டாள்.

"எனக்கும் அந்தப் படியிலயே மனசு பறிபோயிருச்சு, கார்த்திகேசு."