நான்காம் தொட்டித் தகடு

காலை 8.40. நான்காம் தொட்டியில் தண்ணீர் இருந்தது. தகடு இல்லை.

இன்ஸ்பெக்டர் அரிமுரா குனிந்து பார்த்தாள். தண்ணீருக்குள்ளிருந்தும் தூக்கம் போதாத ஒருத்தி அண்ணாந்து பார்த்தாள். இருவருக்கும் ஓய்வு பெற இன்னும் நான்கு வருடம் இருந்தது.

ககோஷிமா கடற்கரையில் பழைய மீன் கிடங்கு அது. எண்பது வருடம் கடலடியில் கிடந்த ஷிதென் போர்விமானத்தை இரண்டு வருடம் முன்பு தூக்கி வந்து, பகுதி பகுதியாகப் பிரித்து, ஆறு தொட்டி நல்ல தண்ணீரில் ஊறப்போட்டிருந்தார்கள். உலோகத்துக்குள் ஏறிய உப்பு முழுக்க இறங்க வேண்டும். அதற்குள் காற்றுப் பட்டால் வெள்ளை மாவாகப் பூத்து உதிர்ந்துவிடும்.

"ரெண்டு மணிக்கு விழா, அரிமுரா-சான்!" நகராட்சி அதிகாரி தொகுனாகா கையைப் பிசைந்தார். "தகட்டுல இருக்கிற விமான நம்பரைப் படிச்சு, ஓட்டினவர் பேரை மேயர் அறிவிக்கணும். 'யார் அந்த வீரர்?'னு சுவரொட்டியே அடிச்சாச்சு."

"தகடு கிடைக்கலேன்னாலும் அந்தக் கேள்வி செல்லும்தானே?"

தொகுனாகா சிரிக்கவில்லை. அவளும்தான்.

இந்த விமானம் விழுந்த அன்று, தளத்திலிருந்து சண்டைக்குக் கிளம்பித் திரும்பாத விமானங்கள் இரண்டு. ஒன்றை ஓட்டியவர் கமேதா. மற்றொன்றை ஓட்டியவன் ஓனிஷி, இருபத்திரண்டு வயது. எந்த எண் யாருடையது என்று பழைய பதிவேடு சொல்லும்.

கமேதாவின் மகன் கறுப்பு சூட்டில், பிளாஸ்டிக் நாற்காலியில், ஏழு மணியிலிருந்து உட்கார்ந்திருந்தார். அப்பா போன பிறகு பிறந்தவர். அப்பா என்று அரசாங்கம் அனுப்பிய பெட்டியில் ஒரு கூழாங்கல்தான் இருந்ததாம். இரண்டு வருடமாகத் திங்கள்தோறும் பஸ் பிடித்து வந்து, தொட்டிகளுக்குத் தண்ணீர் மாற்றிக்கொடுத்துவிட்டுப் போகிறார்.

9.05. "ராத்திரி கதவைப் பூட்டினது யாரு?"

"பூட்டா?" தொகுனாகாவுக்கு ஆச்சரியம். "இந்த ஊர்ல சைக்கிளையே பூட்டமாட்டாங்களே."

ஆக, ஊரே சந்தேகப் பட்டியலில் இருந்தது. அரிமுராவுக்கு அலுப்பாக இருந்தது.

9.20. சீரமைப்பு வேலைக்குப் பொறுப்பான நோமா, வயது அறுபது, கையைக் கட்டி நின்றார்.

"நேத்து எப்ப கிளம்பினீங்க?"

"ஆறு மணி."

"அப்ப தகடு?"

"தொட்டியில."

"எண் தெரிஞ்சுதா?"

"சிப்பி மூடியிருக்கு. இன்னும் சுத்தம் பண்ணல."

"காலைல?"

"எட்டு மணிக்கு வந்தேன். தண்ணியில உப்பு அளந்தேன், எழுதினேன். தகட்டைக் கவனிக்கல."

"ரெண்டு வருஷமா கவனிச்சவரு, இன்னிக்கு மட்டும்?"

"தூக்கம் சரியில்ல."

"யாருக்குத்தான் சரியா இருக்கு? ஒரு வாய் டீ கிடைக்குமா?"

"வெந்நீர்க் கெண்டி ரிப்பேர்."

மூலையில் இருந்த மின்கெண்டியின் மேல் 'பழுது' என்று எழுதி ஒட்டியிருந்தது. நேர்த்தியான கையெழுத்து. இருபத்தேழு வருட சர்வீஸில் கைது செய்யப் போன வீடுகளில்கூட அவளுக்கு டீ கொடுத்திருக்கிறார்கள்.

சுவரில் அளவுக் குறிப்பேடு தொங்கியது. பசித்தவள் உணவுப் பட்டியலைப் பார்ப்பதுபோல் இன்றைய பக்கத்தைப் பார்த்தாள். 84, 61, 77, 40, 92, 58, 3. கீழே நோமாவின் முத்திரை.

10.10. "ஒசாகாவுல பழம்பொருள் சேர்க்கிறவன் ஒருத்தன் இருக்கான்..." என்று தொகுனாகா ஆரம்பித்தார்.

"அவ்வளவு தூரம் போக எனக்குத் தெம்பில்ல." அரிமுரா நோமாவை ஓரமாக அழைத்தாள். "தகட்டை எடுத்தது நீங்கதான், நோமா-சான்."

நோமா கட்டியிருந்த கைகளை இறக்கினார்.

"தொட்டி ஆறு. அளவு ஏழு. உங்களைத் தவிர வேற எவன் திருடியிருந்தாலும் துணியில சுத்திப் பையில போட்டிருப்பான். உங்களால அது காயறதைப் பொறுக்க முடியாது. புதுத் தண்ணியில ஒளிச்சு வச்சீங்க. காலைல மீட்டரோட சுத்தி வந்தப்போ அதையும் அளந்துட்டீங்க. அளந்ததை எழுதாம விட உங்க கைக்குத் தெரியல."

அவள் கெண்டியின் மூடியைத் திறந்தாள். உள்ளே, தெளிந்த தண்ணீரில், உள்ளங்கை அகலத்தில் தகடு கிடந்தது. சிப்பி ஒன்றுகூட இல்லை. எண் பளிச்சென்று தெரிந்தது.

"நேத்து சாயங்காலமே சுத்தம் பண்ணிட்டேன்," நோமாவின் குரல் இறங்கியது. "பதிவேட்டையும் பார்த்தேன். இது ஓனிஷியோட விமானம். விழாவுல, பேண்டு வாத்தியத்துக்கு நடுவுல கமேதா-சானுக்கு இது தெரிய வேணாம்னு... நானே பக்குவமா சொல்லிடலாம்னு பார்த்தேன். அவர் ஏழு மணிக்கே வந்து உட்கார்ந்துட்டார். வாய் வரல. மெதுவாப் பேசுங்க, அவர் காதுல..."

"காது நல்லாத்தான் கேட்குது," என்றார் மகன் கமேதா. எப்போது எழுந்து வந்தார் என்று தெரியவில்லை. கெண்டிக்குள் எட்டிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். "எங்கப்பா இல்ல."

"மன்னிச்சிடுங்க." நோமா இடுப்பு வரை குனிந்தார்.

"நிமிருங்க. முதுகு பிடிச்சுக்கப் போகுது." கமேதா தொகுனாகாவிடம் திரும்பினார். "ஓனிஷி வீட்டுலேருந்து யாரு வர்றாங்க?"

"தேடினோம். யாருமே மிச்சமில்ல."

கமேதா சூட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டார்.

"அப்ப உறவினர் நாற்காலியில நான் உட்கார்றேன்."

தொகுனாகா விதிமுறை சொல்ல வாயைத் திறந்தார். அரிமுரா அவரைப் பார்த்தாள். வாய் மூடிக்கொண்டது.

"காலியா இருந்தா அந்தப் பையனுக்கு என்னவோபோல இருக்கும்," என்றார் கமேதா. "எங்கப்பா கிடைக்கிற ஊர்லயும் யாராவது உட்காராமலா போயிடுவாங்க."