நாற்பது நாள் பூட்டு

"சார்... கையைக் காணோம்!"

கான்ஸ்டபிள் அலறினார்.

காகிதம் வெட்டும் கட்டிங் மெஷினுக்கு அடியில் கிடந்த உடம்புக்கு ஒரு கைதான் இருந்தது. வலது கை மணிக்கட்டோடு போயிருந்தது. வாய் நிறையக் காகிதம். கத்தவிடாமல் யாரோ திணித்திருக்கிறார்கள்... ஆற அமர!

இன்ஸ்பெக்டர் குனிந்தார்.

"யாரு இது?"

"என்... என் மச்சான் சார்!" அச்சக முதலாளி சுவரோடு சரிந்தார். "என் பொண்டாட்டியோட அண்ணன்! கேட்டைப் பூட்டினதே இவன்தான்!"

பத்து நிமிடத்துக்கு முன்னால்தான் போலீஸ் அந்தப் பூட்டை அறுத்தது.

முன்னால் மச்சான் வீடு. பின்னால் மாப்பிள்ளையின் அச்சகம். நடுவே ஒரே ஒரு சந்து. ஏதோ ஒரு சண்டையில் மச்சான் சந்துக்கு கேட் போட்டுப் பூட்டிவிட்டார். முதலாளி கோர்ட் படியேறினார். போலீஸ் பாதுகாப்போடு உள்ளே போகலாம் என்று முந்தாநாள் உத்தரவு வாங்கினார். பிழைப்பு திரும்பக் கிடைக்கிற நாள் இது.

கிடைத்தது பிணம்!

"ரத்தம் காஞ்சிருக்கு. நேத்து சாயங்காலம் நடந்திருக்கும்." இன்ஸ்பெக்டர் நிமிர்ந்தார். "அப்போ நீங்க எங்கே இருந்தீங்க?"

"என்னையா சந்தேகப்படறீங்க?" முதலாளி பொங்கினார். "நாப்பது நாளா இங்கே காலே வைக்கலை சார்! சாவி அவன்கிட்ட. உள்ளே வர முடிஞ்சிருந்தா, உங்க ஸ்டேஷன் வாசல்ல எதுக்கு சார் நாய் மாதிரி காத்துக் கிடந்தேன்?"

நியாயமான கேள்வி!

இன்ஸ்பெக்டர் அச்சகத்தைச் சுற்றி வந்தார். மேஜையில் விரலை வைத்தார். தூசி. அச்சு மெஷினில் தூசி. மை டப்பா மூடியிலும் தூசி.

"கிடைச்சிடுச்சு சார்!" மூலையிலிருந்து கான்ஸ்டபிள் கத்தினார். "வெட்டின காகிதம் போடற தொட்டியில... மோதிரம்கூட அப்படியே இருக்கு!"

"அங்கேயே இருக்கட்டும். தொடாதேய்யா."

இன்ஸ்பெக்டர் கட்டிங் மெஷினிடம் திரும்பினார். கத்திக்கு மேல் மர உறை ஒழுங்காக மாட்டியிருந்தது. கைக்குட்டையால் பிடித்துக் கழற்றினார்.

கத்தி பளபளத்தது. ஒரு பொட்டு ரத்தம் இல்லை. கைக்குட்டையில் எண்ணெய்ப் பிசுக்கு!

"ஏன்யா..." கான்ஸ்டபிளைக் கேட்டார். "கொன்னவன் ரத்தத்தைத் துடைப்பான், சரி. எண்ணெய் எதுக்குப் போட்டான்?"

"துருப்பிடிச்சிடும் இல்ல சார்!"

பதில் சொன்னது கான்ஸ்டபிள் இல்லை!

முதலாளி வாயைப் பொத்திக்கொண்டார். சொல் வெளியே வந்தாகிவிட்டது.

"கொலை பண்ணிட்டு ஓடறவனுக்கு," இன்ஸ்பெக்டர் நெருங்கினார், "கத்தி துருப்பிடிச்சா என்ன சார் நஷ்டம்?"

"அது... வந்து..."

"எண்ணெய் போட்டு, உறையும் மாட்டிட்டுப் போயிருக்கான். மெஷின் மேல அவ்வளவு பாசம்!"

முதலாளியின் தோள்கள் தொங்கிப்போயின.

"இருபத்தஞ்சு வருஷப் பழக்கம் சார்..." குரல் உடைந்தது. "வெட்டி முடிச்சதும் கை தானா எண்ணெய் டப்பாவைத் தேடுது..."

"உள்ளே எப்படி வந்தீங்க?"

"அவனேதான் கூப்பிட்டான். 'நாளைக்கு போலீஸோட தாராளமா வா மாப்பிள்ளே, உள்ளே மெஷின் இருக்காது. பழைய இரும்புக்குப் பேசிட்டேன், கடைசியா ஒரு தடவை பாத்துக்கோ'ன்னு கேட்டைத் திறந்துவிட்டான். கத்திக்குக் கீழே கையை நீட்டித் தட்டினான். 'இது எத்தனை கிலோ தேறும்?'னு சிரிச்சான்..."

"நீங்க?"

"லீவரை இழுத்தேன்."

கான்ஸ்டபிள் தன் கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார்.

"உடனே சாகலை சார். அரை மணி நேரம் ஆச்சு. கத்தாம இருக்க வாயில காகிதத்தைத் திணிச்சிட்டு, பக்கத்துலயே உக்காந்து பாத்துக்கிட்டிருந்தேன்." முதலாளியின் கண்ணில் ஈரமில்லை. "அப்புறம் கேட்டைப் பூட்டி, சாவியைச் சாக்கடையில போட்டேன். நாப்பது நாள் பூட்டுதான் சாட்சி... உங்களை வெச்சே திறந்துட்டா யார் என்னைச் சந்தேகப்படுவாங்கன்னு நினைச்சேன்."

சந்தில் கொலுசுச் சத்தம். முதலாளியின் மனைவி தூக்குவாளியோடு ஓடி வந்தாள். முகமெல்லாம் சிரிப்பு.

"திறந்துட்டாங்களா? பாருங்க, உங்க ரெண்டு பேருக்கும் சாப்பாடு! அண்ணனைக் கூப்பிடுங்க, இன்னிக்காவது சேர்ந்து சாப்பிடுங்க. நேத்திலேருந்து போனையே எடுக்க மாட்டேங்கிறார்..."

உள்ளே எட்டிப் பார்த்தாள்.

தூக்குவாளி விழுந்தது. அவள் அலறல் சந்து முழுக்க எதிரொலித்தது.

விலங்கு மாட்டப்பட்ட முதலாளி அவளைத் தாண்டி நடந்தார். தலை நிமிரவே இல்லை. கேட்டருகே கால் தயங்கி நின்றது.

"நிக்காதீங்க சார்!" இன்ஸ்பெக்டர் முதுகில் தட்டினார். "வழி கேட்டீங்க, போலீஸ் பாதுகாப்பு கேட்டீங்க. ரெண்டும் ரெடி... ஜீப்ல ஏறுங்க!"