ஏழாவது மூச்சு

நாலே முக்காலுக்கு அலாரம் அடிக்கும். வேல்ராஜ் எழுந்து பல் தேய்ப்பான். முந்தின நாள் பிடித்துவைத்த பக்கெட் தண்ணீரில் குளிப்பான். ஒரு தம்ளர் டீ போடுவான். கம்பெனிச் சட்டை, அடையாள அட்டை, பூட்டு. கைப்பிடிச் சுவர் இல்லாத வெளிப்படியில் வீட்டுச் சுவரை ஒட்டி இறங்குவான். ஐந்து நாற்பதுக்கு ஒரகடம் கூட்டுரோட்டில் கம்பெனி பஸ்.

அந்தப் படியிலிருந்துதான் அவன் மனைவி கனகலட்சுமி விழுந்தாள். இரண்டாயிரத்துப் பதிமூன்று பிப்ரவரியில், அவன் பஸ் ஏறிய பத்தாவது நிமிடம். கல்யாணமாகி எட்டு மாதம். அவன் செல்போனைக் கம்பெனி லாக்கரில் வைத்திருந்ததால் பதினொரு மணிக்குத்தான் அவனுக்குச் செய்தி தெரிந்தது.

சங்கரன்கோவிலிலிருந்து வந்த மாமியார் அவன் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "கடைசியா என்னய்யா சொன்னா எம்புள்ள?"

"பாத்துப் போயிட்டு வாங்கன்னு சொன்னா, அத்தே."

அது பொய்.

அதே வருஷம் ஜூலையில், வல்லம் வடகாலில் கம்பெனியின் புது ஷெட்டுக்கு அஸ்திவாரம் தோண்டினார்கள். வேல்ராஜும் அந்த ஊர்க்காரன் ஜெபகுமாரும் மேற்பார்வை. ஜேசிபியின் பல் பட்டு ஒரு முதுமக்கள் தாழி உடைந்தது. எலும்புத் தூளுக்கு நடுவே ஒரு சங்கு. கடல் சங்கு அல்ல. சுட்ட மண்ணில் செய்தது. அதைச் சுற்றி ஏழு மனித உருவங்கள் கீறியிருந்தன. ஆறு நின்றன. ஏழாவது கிடந்தது.

"மேட்டார் சாமான்டா," என்றான் ஜெபகுமார். "எங்க ஊர்ல சொல்லுவாங்க. முன்ன இந்த மேட்ல இருந்த ஜனங்க. அவங்களுக்கு சாமியே இந்தச் சங்குதானாம். ஊதுனா, விடிஞ்சுபோன காலை திரும்ப விடியுமாம். ஊதிப் பாரு மச்சி, உன் லேட் பஞ்ச் எல்லாம் கேன்சலாய்டும்."

"கவர்மெண்ட்டுக்குச் சொல்ல வேண்டாமா?" என்றான் வேல்ராஜ்.

"சொன்னா வேலை நின்னுடும். மூடச் சொல்லிட்டாரு மேனேஜர்."

தாழியை மண்ணோடு மண்ணாக மூடினார்கள். சங்கு வேல்ராஜின் டிபன் பையில் வீட்டுக்கு வந்தது.

ஞாயிறு காலை ஊதினான். ஒலி மேலே எழவில்லை. நிலத்துக்கு அடியில் யாரோ நீளமாக மூச்சிழுப்பதுபோல உள்ளே இறங்கியது. அறை குளிர்ந்தது. பிப்ரவரிப் பனியின் குளிர். தேங்காயெண்ணெய் வாசம் வந்தது.

அடுப்படியில் கனகலட்சுமி முதுகைக் காட்டி நின்றாள்.

"ஏ புள்ள," என்றான். மூச்செல்லாம் சங்குக்கே போனதால் குரல் வரவில்லை.

அவள் மெல்லத் திரும்பினாள். அவன் நின்ற இடத்தையே பார்த்தாள். கையிலிருந்த தம்ளர் விழுந்தது. சுவரோடு சுவராக நகர்ந்து வாசலுக்கு ஓடினாள்.

அவன் மூச்சு தீர்ந்தது. ஜன்னலில் ஜூலை வெயில். அறை காலி. அலமாரியில் அந்தத் தம்ளர் விளிம்பு நசுங்கி இருந்தது. பிப்ரவரியிலிருந்தே இருக்கும் நசுங்கல்.

அன்றே அவனுக்குப் புரிந்திருக்க வேண்டும். புரிந்தது. அடுத்த ஞாயிறும் ஊதினான். பயந்த முகமாக இருந்தாலும் அது அவள் முகம்.

ஆறு ஞாயிறு.

ஆறாவது ஞாயிறு மதியம், கீழே குடியிருக்கும் வீட்டுக்காரம்மா ராஜம்மா படியேறி வந்தாள்.

"இன்னாப்பா, வாரா வாரம் சங்கு சத்தம்? எழவு வூடு மாரி கீது."

"டீவிம்மா."

"உன்னாண்ட சொல்லணும்னே இருந்தேன். உன் பொண்டாட்டி சாவறதுக்கு முன்ன ஆறு நாளு, நீ அந்தாண்ட போனதும் என் வூட்டுக்கு ஓடியாந்துடும். அடுப்பாண்ட யாரோ நிக்கிறாங்கன்னு நடுங்கிகினு கெடக்கும். ஏழாவது நாளு, பாவம்..."

அவன் எண்ணிப் பார்க்கவில்லை. தேவையிருக்கவில்லை.

சாயங்காலமே சங்கை ஏரியில் எறிந்தான். மூழ்குவதைக் கண்ணால் பார்த்தான். அடுத்த ஞாயிறு வீட்டில் இருக்கவே கூடாது என்று ஓவர்டைமுக்குப் பெயர் கொடுத்தான்.

நாலே முக்கால். பல். பக்கெட். ஒரு தம்ளர் டீ. பூட்டு.

இரண்டு படி இறங்கியிருப்பான்.

பூட்டிய அறைக்குள் சங்கு ஊதியது.

யாரோ கயிறு கட்டி இழுப்பதுபோல அவன் நெஞ்சிலிருந்து மூச்சு போய்க்கொண்டே இருந்தது.

தேங்காயெண்ணெய் வாசம்.

கதவு திறந்தது. கனகலட்சுமி அடுப்படியைப் பார்த்தபடியே பின்பக்கமாக நடந்து வெளியே வந்தாள். உள்ளே அது வந்து நிற்பதற்குள் கீழே போய்விட வேண்டும் என்று முந்திக்கொண்டு கிளம்பியிருந்தாள். படியில் கால் வைத்தாள். திரும்பினாள்.

எதிரே அவன் நின்றான்.

விழாமல் பிடிக்கத்தான் கையை நீட்டினான்.

அவள் விலகினாள். சுவர் இல்லாத பக்கம்.

பிறகு படி காலியாக இருந்தது. கதவு பூட்டியபடியே இருந்தது. கூட்டுரோட்டில் பஸ் ஹாரன் அடித்தது. நீட்டிய கையில் மண் சங்கு இருந்தது. ஏரித் தண்ணீர் சொட்டியது. வாய் வைக்கும் இடம் மட்டும் வெதுவெதுப்பாக இருந்தது.

பிப்ரவரியில், அவள் விழுந்த அன்று, அவன் ஷூ மாட்டிக்கொண்டிருக்கையில் கதவை மறித்து நின்று அவள் ஒன்று சொன்னாள். "கோட்டி பிடிச்சிருக்கா ஒனக்கு?" என்று சிரித்து, அவளை விலக்கிவிட்டு இறங்கிப் போனான். அவள் சொன்னதை அவன் மாமியாரிடம் சொல்லவில்லை, போலீஸிடம் சொல்லவில்லை, யாரிடமும் சொல்லவில்லை.

"இன்னைக்கு ஒரு நா போவாதிய. நீங்க போன பொறவு இங்க வந்து நிக்கது நீங்கதான்."