காய்ந்த அறையில் அரை பக்கெட் தண்ணீர்!

டிரிங்... டிரிங்... டிரிங்...!

விழுப்புரம். ரயில்வே லைன் ஓரம் ஒரு ஓட்டு வீடு. அம்சவள்ளி பாய்ந்து வந்து ரிசீவரை எடுத்தாள்.

"ஹலோ... ஈரம் எடுக்கறவங்களா?"

பெண் குரல். நடுங்கியது.

"ஆமாங்க. அம்சவள்ளி பேசறேன், சொல்லுங்க."

"திண்டிவனத்துலேர்ந்து பேசறேங்க. காந்திமதி. டீச்சரா இருக்கேன். ஏரி ஒடைஞ்சு வீட்டுக்குள்ள தண்ணி பூந்துடுச்சு. செவுரெல்லாம் நொதநொதன்னு கெடக்குது."

"எவ்ளோ தண்ணி நின்னுச்சு?"

"இடுப்பு வரைக்கும்."

"அடிச்சுக்கினு போனது எதுனா உண்டா?"

மறுமுனையில் மூக்கை உறிஞ்சும் சத்தம்.

"பீரோ போச்சு. கட்டில் போச்சு. எங்க வீட்டுக்காரரும் போயிட்டாருங்க...!"

அது 1985 நவம்பர். வானம் பொத்துக்கொண்டு ஊற்றி ஓய்ந்திருந்த நேரம்.

அம்சவள்ளிக்கு முப்பத்து நாலு வயது. புதுச்சேரியில் ஒரு மாத்திரைக் கம்பெனியில் பத்து வருஷம் வேலை பார்த்தவள். காற்றில் ஈரம் இருந்தால் மாத்திரை நமத்துப் போகும். அதற்காகவே அங்கே ஈரம் உறிஞ்சும் மெஷின்கள் ஓடின. கம்பெனியை மூடியபோது இரண்டு மெஷின்களை ஏலத்தில் பிடித்தாள். ஊரே சிரித்தது. இந்த மழைக்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை. பதினோரு வீடு, ஒரு போட்டோ ஸ்டூடியோ, ஒரு நெல் குடோன்... எல்லாம் அவள் காய வைத்தவை!

மறுநாள் காலை. வேன் திண்டிவனம் வந்து நின்றது. டிரைவர் சவுரிராயன் இறங்கினார். ஐம்பது வயது. மாஜி லாரி டிரைவர். மெஷின்களைத் தூக்குவதும் அவரே, திட்டுவதும் அவரே.

வாசலிலேயே ஒரு ஆள் கையை நீட்டி மறித்தான்.

"யாரு நீங்க? இன்னா வேணும்?"

"வீட்ட காய வெக்க வந்திருக்கோம். நீங்க?"

"தேவநாதன். செத்துப் போன ராஜாமணியோட தம்பி. அதெல்லாம் ஒண்ணும் வேணாம். ரெண்டு ஃபேனப் போட்டா தானா காஞ்சுடும். வண்டியத் திருப்பு!"

"நான்தான் வரச் சொன்னேன்." உள்ளேயிருந்து காந்திமதி வந்தாள். ஒடிசல் உடம்பு. அழுது வீங்கிய கண்கள். "வீடு என் பேர்ல இருக்குது. உள்ள வாங்கம்மா."

தேவநாதன் சிரித்தான். நல்ல சிரிப்பு இல்லை.

"வீடு உன் பேர்லதான் அண்ணி. எத்தினி நாளைக்கு? புருஷன வெள்ளத்துல தள்ளிவுட்டவளுக்கு ஜெயில்லதான வீடு!"

அம்சவள்ளி திடுக்கிட்டாள்.

"இன்னாங்க சொல்றாரு இவரு?"

"போலீஸ்ல எழுதிக் குடுத்திருக்காரும்மா... நான் கொலகாரியாம்!"

சவுரிராயன் மெதுவாக முணுமுணுத்தார். "பேஜாரு புடிச்ச வூடா இருக்குதே..."

வேலை தொடங்கியது.

ஜன்னல்களை மூடினார்கள். கதவு இடுக்குகளில் சாக்கைத் திணித்தார்கள். ஒரு மெஷின் கூடத்தில். இன்னொன்று அடுக்களையில். சின்ன பீரோ உயரம். முன்பக்கம் ஈரக் காற்றை இழுக்கும். உள்ளே குளிர்ந்த குழாய்களில் ஈரம் பட்டு வியர்த்து, சொட்டுச் சொட்டாக அடியில் உள்ள மூன்று லிட்டர் பக்கெட்டில் விழும். பின்பக்கம் உலர்ந்த காற்று வெளியே வரும்.

முதல் நாள் ஆறு பக்கெட்!

இரண்டாம் நாள் நாலு!

மூன்றாம் நாள் காலை ஒன்றே ஒன்று.

"பொழச்சுக்கிச்சு வூடு," என்றார் சவுரிராயன்.

இந்த மூன்று நாளும் அம்சவள்ளி ஒன்றைக் கவனித்தாள். வீட்டின் கடைசியில் ஒரு பின்னறை. மூன்று படி ஏறித்தான் போக வேண்டும். அதனால் வெள்ளம் அங்கே நுழையவில்லை. மேலே பலகை அடித்த மச்சு. ஏறும் ஏணி வெள்ளத்தில் போய்விட்டது. அந்த அறையில் ராஜாமணியின் படம், மாலையோடு. தேவநாதன் வேளை தவறாமல் வந்து, அண்ணனுக்குப் படையல் என்று பத்து இட்லியும் ஒரு குடம் தண்ணியும் வைத்துக் கதவைச் சாத்துவான். அரை மணி கழித்துத் திறந்தால் இலை காலி!

"யாருங்க சாப்பிடறது?" என்று கேட்டாள் அம்சவள்ளி.

"காக்கா!"

"சாத்துன கதவுக்குள்ளயா?"

"எங்கூட்டு காக்கா அப்படித்தான்! உன் வேலயப் பாரு!"

காந்திமதி அருகில் வந்தாள். "அந்த ரூம்லயும் மெஷின் போட்டுடுங்கம்மா. பிள்ளைங்க பரீட்சை பேப்பர்லாம் அங்கதான் கெடக்குது. நமத்துப் போச்சுன்னா என் வேலையே போயிடும்."

அன்று மதியமே அடுக்களை மெஷின் பின்னறைக்கு ஏறியது. சுவரில் பாலிதீன் தாளை ஒட்டினாள் அம்சவள்ளி. சுவரில் ஈரம் இருந்தால் காலைக்குள் தாளின் உட்பக்கம் பனி பூத்துவிடும். கதவைச் சாத்திப் பூட்டு போட்டாள்.

தேவநாதன் துள்ளினான்.

"ஏய்...! படையல் வெக்கணும்! தெற!"

"நாளைக்குக் காலை வரைக்கும் தெறக்கக் கூடாதுங்க. தெறந்தா ஈரக் காத்து உள்ள வந்துடும்."

"எங்கண்ணன் ஆவி பட்டினியா கெடக்குமே!"

"ஆவிய எடுக்கத்தாங்க மெஷினே!"

மறுநாள் காலை, எட்டு மணி.

பூட்டைத் திறந்து உள்ளே போன அம்சவள்ளி, சுவரைப் பார்த்தாள். பாலிதீன் தாளில் ஒரு பொட்டு ஈரம் இல்லை. தரையைத் தொட்டாள். அப்பளம் போலக் காய்ந்திருந்தது. பரீட்சைத் தாள்கள் மொறுமொறு.

குனிந்து பக்கெட்டைப் பார்த்தாள்.

அரை பக்கெட் தண்ணீர்...!



"சவுரி அண்ணே... ஜல்தியா வாங்க!"

"இன்னாம்மா?"

"செவுரு காஞ்சிருக்குது. தரை காஞ்சிருக்குது. இந்தத் தண்ணி எங்கேர்ந்து வந்துச்சு?"

"மெஷின் வாந்தி எடுத்துச்சோ?"

"வெளையாடாதீங்க. மாத்திரைக் கம்பெனியில எங்க சூப்பர்வைசர் சொல்லுவாரு. ரூம்ல ஈரம் ஏறுதுன்னா மொதல்ல ஆளுங்கள எண்ணுங்கன்னு. மனுஷன் மூச்சுலயும் வேர்வையிலயும் ஒரு நாளைக்கு ஒண்ணு ரெண்டு லிட்டர் தண்ணிய காத்துல வுடறான்."

"இங்கதான் ஆளே இல்லியே!"

அம்சவள்ளி பக்கெட்டை விட்டு எழுந்தாள். மெதுவாகத் தலையை நிமிர்த்தி, மேலே பார்த்தாள்.

மச்சு! பலகைகளுக்கு நடுவே விரல் அகல இடுக்குகள்!

வாசலில் ஜீப் சத்தம்.

இன்ஸ்பெக்டர் வேங்கடேசன் இறங்கினார். பின்னால் இரண்டு பெண் போலீஸ். காந்திமதி கூடத்துத் தூணைப் பிடித்துக்கொண்டாள்.

"கெளம்பும்மா. கால்வாய் ஓரம் உன் புருஷன் சட்டை கெடைச்சிருக்குது. கிழிஞ்சு ரத்தமா இருக்குது."

"நான் ஒண்ணும் பண்ணல சார்...!"

"எல்லாம் ஸ்டேஷன்ல சொல்லு. கூட்டேரிப்பட்டு பக்கம் அம்மன் சிலை காணாமப் போயி நாயா அலைஞ்சுகினு இருக்கேன். இதுல இது வேற!"

தேவநாதன் முகத்தில் தீபாவளி.

"சார், ஒரு மணி நேரம் டைம் குடுங்க." குறுக்கே வந்து நின்றாள் அம்சவள்ளி.

"நீ யாரும்மா?"

"ஈரம் எடுக்கறவ. இந்த வீட்ல ஒரு ஈரம் பாக்கி இருக்குது சார். அதை எடுத்துட்டா இவங்கள நீங்க கூட்டிக்கினு போக வேண்டியிருக்காது."

இன்ஸ்பெக்டர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். அந்தக் கண்களில் பொய் இல்லை. கடிகாரத்தைத் தட்டினார்.

"ஒம்பது மணி. அதுக்கு மேல ஒரு நிமிஷம் கூட கெடையாது!"

இரண்டாவது மெஷினும் பின்னறைக்கு ஏறியது. கூடவே சூடான காற்று அடிக்கும் ப்ளோயர். அதன் மூக்கை மச்சுப் பக்கம் திருப்பி வைத்தார் சவுரிராயன்.

"வேணாம்...! எங்கண்ணன் படம் கருகிடும்!" தேவநாதனின் குரல் கீச்சிட்டது.

"படம்தான? கழட்டி கையில குடுத்துடறேன்," என்று அவனிடம் நீட்டினார் சவுரிராயன்.

அம்சவள்ளி ஸ்விட்ச் போட்டாள். மூன்று மெஷின்களும் சேர்ந்து உறுமின.

எட்டே கால்... சத்தமில்லை.

எட்டரை... சத்தமில்லை.

காந்திமதியின் உதடுகள் எதையோ முணுமுணுத்தன. அம்சவள்ளி கடிகாரத்தைப் பார்த்தாள். தப்புக் கணக்கா? எலி மூச்சை மனுஷ மூச்சு என்று நினைத்துவிட்டோமா?

எட்டு நாற்பது.

லொக்...!

எல்லோரும் மேலே பார்த்தார்கள்.

லொக்... லொக்... லொக்...!

"எலி சார்! எலி!" அலறினான் தேவநாதன்.

"எலி இருமுமாடா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

மச்சுப் பலகை ஒன்று படாரென்று விலகியது. புழுதி கொட்டியது. அந்தச் சந்தில் ஒரு தலை எட்டிப் பார்த்தது. வெடித்த உதடு. வறண்ட நாக்கு.

"தண்ணி...! ஒரு வாய் தண்ணி குடுங்கடா... பாவிங்களா!"

ராஜாமணி!

தண்ணியில் போன ஆள், தண்ணி கேட்டுத் திரும்பி வந்தான்!

தேவநாதன் அண்ணன் படத்தைப் போட்டுவிட்டு வாசலை நோக்கி ஓடினான். சவுரிராயன் வெறுமனே காலை நீட்டினார். போதுமாக இருந்தது.

ஏணி கொண்டு வந்து கான்ஸ்டபிள்கள் மேலே ஏறினார்கள். வேட்டியில் சுற்றிய ஒரு மூட்டை இறங்கியது. பிரித்தால்... இரண்டடி உயரத்தில் பஞ்சலோக அம்மன்!

அரை குடம் தண்ணீர் குடித்த பிறகுதான் ராஜாமணிக்குப் பேச்சு வந்தது. சிலையைத் திருடியவன் அவன். மச்சிலிருந்து கயிற்றில் இறங்கிப் படையலைத் தின்றதும் அவன்தான். போலீஸ் நெருங்கிய நேரத்தில் ஏரி உடைந்தது. வெள்ளத்தில் செத்ததாகக் காட்டிக்கொண்டால் யாரும் தேட மாட்டார்கள். வெள்ளத்தில் உடைந்த புதுச்சேரி ரோட்டுப் பாலம் சரியானதும் சிலையை அங்கே கடத்திவிடலாம். கொலைப் பழி காந்திமதி மேல் விழுந்தால் தம்பிக்கு இந்த வீடு!

"சட்டையில ரத்தம்?"

"கோழி சார்..." என்றான் தேவநாதன், மூக்கைத் தடவிக்கொண்டே.

"கொழம்பு நீ தின்னுட்ட, சட்டைய எனக்குக் குடுத்த! ஏத்துய்யா ரெண்டு பேரையும்!"

ஜீப்பில் ஏறும்போது ராஜாமணி மனைவியைப் பார்த்துப் பல்லைக் கடித்தான். அவள் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. நேராக அவனைப் பார்த்தாள்.

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றினார்.

"மன்னிச்சுக்கம்மா. உன் புருஷன் உன் தலைக்கு மேலயே இருந்திருக்கான். உனக்குத் தெரியவே இல்ல, பாரு!"

காந்திமதி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். பிறகு அமைதியாகச் சொன்னாள்.

"ரெண்டாம் நாளே தெரியும் சார்."

"இன்னாது...?!"

"பன்னெண்டு வருஷமா கேட்ட கொறட்டை. மறந்துடுமா?"

அம்சவள்ளி வாயைப் பிளந்தாள். "அப்புறம் ஏங்க சொல்லல?"

"சொல்லியிருந்தா? நான் வாயத் தெறந்ததும் தம்பி அவர பின்பக்கமா எறக்கிவுட்டிருப்பான். இல்லன்னா நானும் சேந்துதான் சிலைய ஒளிச்சேன்னு ரெண்டு பேரும் ஒரே குரல்ல சொல்லியிருப்பாங்க. சார் யார நம்பியிருப்பாரு? கொலகாரின்னு எழுதி வெச்ச பொம்பளயவா? மூச்சுல ஈரம் இருக்குதுன்னு கிளாஸ்ல சொல்லித் தர்றவ நான். மெஷின் சொன்னா நம்புவாருன்னு தோணுச்சு. அதான் போன் பண்ணி உங்கள வரவழைச்சேன்."



இன்ஸ்பெக்டர் தலையைச் சொறிந்தார்.

"எல்லாம் சரிம்மா. கோர்ட்ல மெயின் சாட்சியே இந்த மெஷின்தான். இத நான் எப்படிம்மா கூண்டுல ஏத்தறது?"

அம்சவள்ளி ஒயரைச் சுருட்டிக்கொண்டே சொன்னாள்.

"தாராளமா ஏத்துங்க சார்... கூண்டுக்குள்ள ஒரு பிளக் பாயின்ட் மட்டும் வெக்கச் சொல்லுங்க!"